கோட்டில் பட்ட பந்து

1. முதல் வீடியோ

வேலணையில் இருபது வருடமாகக் கலியாண வீடியோ எடிட்டிங் செய்கிறேன். டென்னிஸைத் தொட்ட முதல் நாளே நன்றாக வாங்கிக் கட்டினேன்.

புங்குடுதீவில் பிறந்து கனடாவில் இருக்கும் ஓர் அண்ணை அங்கே சின்ன டென்னிஸ் கிளப் நடத்துகிறார். ஆட்டங்களைக் கமராவில் பிடித்து அனுப்புவார். அதிலிருந்து கிழமைக்கு ஒரு வீடியோ நான் வெட்டிக் கொடுக்க வேண்டும். அதைப் பார்த்து ஆட்கள் கிளப்பில் சேர வேண்டும் என்பது அவருடைய ஆசை.

வென்ற அடிகளை எல்லாம் ஸ்லோமோஷனில் அடுக்கி, பாட்டும் போட்டு அனுப்பினேன். நாதஸ்வரம் ஒன்றுதான் குறை.

“தங்கச்சி, பந்து போகுது, வருது. இதை ஏன் ஆக்கள் பாக்கவேணும்? இன்னும் ஒண்டு செய்யும். சரிவராட்டி நான் வேறை ஆளைப் பாக்கிறன், குறை நினைக்காதையும்” என்றார்.

2. பஸ்ஸை விட்ட அக்கா

அடுத்த நாள், மகளின் கலியாண வீடியோவை வாங்க நெடுந்தீவிலிருந்து ஓர் அக்கா வந்தார். மாடு வளர்ப்பவர், டென்னிஸைக் கண்டதே இல்லை. வீடியோ கொப்பியாகும் வரை கதிரையில் இருந்து என் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பந்து ஒன்று மெதுவாக ஆடுகளத்தின் எல்லைக் கோட்டை நோக்கி இறங்கும்போது எனக்கு போன் வந்தது. ரீப்ளேயை நிறுத்தினேன்.

“ஏன் பிள்ளை நிப்பாட்டினனீர்? பந்து உள்ளையோ, வெளியையோ?”

“தெரியேல்லை அக்கா. துறைக்குப் போற உங்கட பஸ் வரப்போகுது.”

“பஸ் போனால் போகட்டும், நீர் ஓட்டும்!”

வெட்ட வேண்டிய இடம் எனக்கு அப்போதுதான் பிடிபட்டது. பந்து விழுமுன் நிறுத்தி, ‘உள்ளேயா, வெளியேயா?’ என்று கேட்டு, பிறகு காட்ட வேண்டும்.

3. முதலாளியின் வெற்றி

அடுத்து வந்தது அண்ணையும் அவருடைய மச்சானும் ஆடிய ஆட்டம். கிளப் ஆட்டத்தில் நடுவர் இல்லை. தன் பக்கம் விழும் பந்துக்கு அவரவரே தீர்ப்புச் சொல்ல வேண்டும். மச்சான் அடித்த கடைசிப் பந்தை அண்ணை “வெளியை!” என்று கத்தி, கையை உயர்த்தி வென்றுவிட்டார்.

ரீப்ளேயை ஒவ்வொரு பிரேமாக நாலு தரம் ஓட்டினேன். பந்து கோட்டில் பட்டிருந்தது. கோட்டில் பட்டால் உள்ளேதான்.

முழு ஆட்டத்திலும் அதைவிட நல்ல காட்சி இல்லை. ஆனால் வேலையே தொங்கிக்கொண்டிருக்கும்போது முதலாளியின் பிழையைப் போடுவதா? யோசித்துவிட்டு போன் எடுத்தேன்.

“அண்ணை, கடைசிப் பந்து கோட்டிலை பட்டிருக்கு.”

“இல்லை. நான் கண்ணாலை பாத்தனான்.”

“அனுப்பிறன், ஒருக்காப் பாருங்கோ.”

அந்த இடத்தை மட்டும் வெட்டி அனுப்பினேன். பத்து நிமிடத்தில் போன் அடித்தது. எடுத்தால், மனிசன் விழுந்து விழுந்து சிரிக்கிறார்.

“மச்சான் அண்டைக்கே சொன்னவன். நான்தான் சத்தம் போட்டு அவன்ரை வாயை அடைச்சனான். போடும் தங்கச்சி! நான் கமராவுக்கு முன்னாலை நிண்டு மன்னிப்புக் கேக்கிறன், அதையும் கடைசியிலை ஒட்டும்.”

பந்து விழுமுன் நிறுத்திக் கேள்வியைப் போட்டு, மன்னிப்பைக் கடைசியில் ஒட்டினேன். கொமெண்டில் ஊர்ச்சண்டையே நடந்தது. பலர் வெளியே என்று சாதித்து, முடிவைக் கண்டதும் அண்ணையைக் கிண்டலடித்தார்கள். கிளப்பில் சேரவும் ஆட்கள் வந்தார்கள். என் வேலை நிலைத்தது. இப்போது ஆட்டம் முடிந்ததும் முதலில் எனக்கு போன் எடுப்பவர் மச்சான்தான்: “தங்கச்சி, ரெண்டாவது செற் ஆட்டத்தை வடிவாப் பாரும், அதிலையும் ஏதோ நடந்திருக்கு.”

எடிட்டிங் பழக வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இவ்வளவுதான்: பார்ப்பவரைக் காக்க வைக்கலாம். ஏமாற்றக் கூடாது.