மூன்றாம் வாரம் சாக வேண்டிய கோதண்டம்

நேற்று பக்கத்து வீட்டுப் பெண் மாறுவேடப் போட்டிக்காகத் தன் பிள்ளைக்கு மீசை ஒட்டிக்கொண்டிருந்தாள். ஸ்பிரிட் கம் வாசனை சுவரைத் தாண்டி வந்தது. மூக்கில் ஏறியதும் கோதண்டத்தின் ஞாபகம் வந்துவிட்டது. என்னைத் தேடி வந்த அன்றைக்கு அவர் ஒட்டுமீசையைக்கூட எடுக்காமல் வந்திருந்தார்.

அதற்கு முன் என்னைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். ஐந்தாவதோடு படிப்பை விட்டவன். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு பட்டறையில் வேலை. எண்பதுகளில் ஷிஃப்ட் முடிந்ததும் நீள நோட்டில் துப்பறியும் கதை எழுதுவேன். அவை மாத நாவல்களாக வந்தன. ஆனால் போலீஸ் ஸ்டேஷன் வாசலை நான் மிதித்ததே இல்லை, கூச்சம். அதனால் என் இன்ஸ்பெக்டரும் ஸ்டேஷனில் உட்கார மாட்டார். வீடு வீடாகப் போய்க் காபி குடித்தே துப்புத் துலக்குவார். வாசகர்கள் இதைப் புதுமை என்று கடிதம் எழுதினார்கள். நான் மறுக்கவில்லை. யாரையும் மறுத்துப் பேச எனக்கு வராது. “மூக்கக் கேட்டாக்கூட அறுத்துக் குடுத்துட்டு சும்மா வருவ நீ” என்பாள் என் மனைவி.

தொண்ணூறுகளில் டிவிக்கு எழுதக் கூப்பிட்டார்கள். பதின்மூன்று வாரத் தொடர். மூன்றாவது வாரம் பங்களா வீட்டுக்காரர் கொலை, மிச்சப் பத்து வாரமும் விசாரணை. வீட்டுக்காரராக நடித்தவர்தான் கோதண்டம். ஆவடியில் தொழிற்சாலை வேலை, குவார்ட்டர்ஸில் குடும்பம், ஆண்டு விழா நாடகங்களில் ராஜா வேஷம். நல்ல கனத்த குரல்.

இரண்டு வாரம் ஒளிபரப்பாகியிருந்தது. பூந்தமல்லிப் பக்கம் ஒரு பங்களாவில் ஷூட்டிங் முடித்து, அந்த மீசையோடே பஸ் ஏறி, கள்ளிக்குப்பத்தில் என் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

“ரைட்டரே, என்னை இன்னா பண்ணப் போற?”

“கொலைதாண்ணே. பால்ல விஷம்.”

“பொண்ணுக்குக் கல்யாணம் வச்சிகீறேன். இன்னும் எட்டு வாரம் கீது.”

“சந்தோஷம்ண்ணே.”

“இன்னா சந்தோஷம்? மூணாவது வாரம் சூப்பரா சாவுறேன்னு சம்பந்தியம்மாவாண்ட நானே வாய வுட்டுட்டேன். போட்டோவுக்கு மாலை போட்டு ஊரே பாத்தப்புறம், செத்த ஆளு கையால தாரை வாத்துக் குடுப்பீங்களான்னு கேக்குது. கல்யாணத்தையே நிறுத்திடுவாங்க. முகூர்த்தம் வரைக்கும் என்னை உசுரோட வையி ரைட்டரே. அப்பால வெட்டிக்க, குத்திக்க, எனக்கு ஆட்சேபணை இல்ல.”

சரி என்றேன். மறுநாள் தயாரிப்பாளர், “மூணாவது வாரம் ஆள் காலிதானே?” என்றார். அவரிடமும் சரி என்றேன்.

மூன்றாவது வாரம் விஷப் பாலைப் பூனை தட்டிவிட்டது. ஷூட்டிங்கில் அந்தப் பூனை தட்டிவிடுவதற்கு அரை நாள் ஆயிற்று. நான்காவது வாரம்தான் சிக்கல். இன்ஸ்பெக்டராக நடித்தவர் தேதி கொடுத்துவிட்டார், மாற்ற முடியாது. கொலை நடக்காத வீட்டுக்கு அவர் விசாரணைக்கு வந்து நின்றார். சாக வேண்டியவரே வாசலில் வரவேற்றுக் காபி கொடுத்தார். “யார் மேல உங்களுக்குச் சந்தேகம்?” என்று கேட்டதற்கு யோசித்து யோசித்துப் பதில் சொன்னார்.

தயாரிப்பாளர் என்னை நிற்க வைத்துக் கேட்டார்: “கொலையே நடக்கலை. போலீஸ் எதுக்குய்யா வந்துது?”

“ஒரு சந்தேகத்துல சார்.”

“யாருக்கு?”

எனக்குத்தான் என்று சொல்லவில்லை.

ஆறாவது வாரம், அதே வீட்டில் தங்கியிருந்த கொலைகாரன் அவர் கார் பிரேக்கை அறுத்து வைத்தான். கோதண்டம் அன்றைக்கென்று பஸ்ஸில் போய்விட்டார். எட்டாவது வாரம் கொலைகாரனுக்கே காய்ச்சல் வந்தது. கோதண்டம் பக்கத்தில் உட்கார்ந்து கஞ்சி ஊட்டினார். “அடுத்த வாரம் அந்தாளு சாவலைன்னா, வேற ரைட்டர வச்சி உன்னையும் சேத்துக் கொன்னுடுவேன்” என்றார் தயாரிப்பாளர். நல்லவேளை, அந்த வாரம்தான் கடிதங்கள் வந்தன. கொரட்டூரிலிருந்து ஒரு அம்மாள், கோதண்டம் டம்ளரைத் தூக்கும்போதெல்லாம் தனக்கு நெஞ்சு அடித்துக்கொள்வதாக எழுதியிருந்தார். தயாரிப்பாளர் அதை நாலு தடவை படித்துவிட்டு, “சரி, இன்னும் ரெண்டு வாரம் இழு” என்றார்.

கல்யாணம் நடந்தது. நான் மண்டபத்தின் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன். தாரை வார்த்த ஈரக் கையோடு கோதண்டம் நேரே என்னிடம் வந்தார். “இனிமே உன் இஷ்டம் ரைட்டரே” என்றார்.

பதினோராவது வாரம் கொன்றேன். அன்று அவர் வீட்டில் மறுவீட்டு விருந்து, எனக்கும் அழைப்பு. மாலை போட்ட போட்டோ திரையில் வந்ததும் சம்பந்தியம்மாதான் முதலில் அழுதார். “எவ்ளோ நல்ல மனுசன், இப்டி அநியாயமா போயிட்டாரே.” பக்கத்து நாற்காலியில் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்த கோதண்டம் என் பக்கம் சாய்ந்து, “போட்டோல மூஞ்சி நல்லா வந்துகீதுல்ல?” என்றார்.

இப்போது அந்த ஷூட்டிங் பங்களா இல்லை, அடுக்குமாடி வந்துவிட்டது. மாத நாவலும் இல்லை. வாரத்துக்கு ஒருநாள் காத்திருக்கிற தொடரும் இல்லை. கோதண்டமும் நிஜமாகவே போய்ச் சில வருடம் ஆகிறது. அவர் மகள் மாதம் ஒருமுறை போன் செய்வாள். “போட்டோ நிறைய கீது மாமா, குரல்தான் இல்ல. ஏதாச்சும் ஒரு வாரத்து டேப்பு கெடைக்குமா? எந்த வாரம்னாலும் பரவாயில்ல.”

விசாரித்துவிட்டேன். டேப்பை மிச்சம் பிடிக்க அதன் மேலேயே வேறொரு தொடரைப் பதிந்துவிட்டார்களாம், பதின்மூன்று வாரமும்.

நேற்றும் போன் வந்தது. “தேடிகினு கீறேம்மா, இன்னும் ரெண்டு வாரம் பொறுத்துக்க” என்றேன்.