பச்சைப் போர்வையும் குர்திஸ்தான் விசாவும்

நான் சாய்ந்தமருதில் வசிப்பது கலியாண விசாவில். பிறந்தது மருதமுனை. கிழக்கிலங்கையின் எங்கள் கரையோர ஊர்களில் வீடு பெண்ணுக்குத்தான். மாப்பிள்ளை துணிப்பெட்டியோடு வந்து ஏறிக்கொள்ள வேண்டியவன். வீட்டு உறுதி மனைவியின் பெயரில் இருக்கிறது. அவளுக்கும் மேலே, எந்த உறுதியிலும் எழுதப்படாத ஓர் அதிகாரத்தோடு மாமி இருக்கிறார். நான் குடியேறிக் கால் நூற்றாண்டு தாண்டிவிட்டது. ஆனாலும் கேற்றில் கை வைத்தால் உள்ளேயிருந்து, "எங்க மகன் போறீங்க?" என்று ஒரு குரல் வரும். பதில் சொல்லாமல் இதுவரை நான் தெருவில் இறங்கியதில்லை.

ஆகவே, ஒருவன் இன்னொருவரின் பொறுப்பில் மட்டுமே தங்கியிருக்கலாம், அவரைக் கேட்காமல் வெளியேற முடியாது என்று ஒரு சட்டத்தை ஆங்கிலத்தில் வாசித்தபோது எனக்குப் பெரிய ஆச்சரியம் வரவில்லை. அதற்கடுத்த வரியைத்தான் இரண்டாம் முறையும் வாசித்தேன்.

அந்தக் கடதாசியைக் கொண்டுவந்தவன் என் சகலன். மனைவியின் தங்கையைக் கட்டியவன். அதே வளவில், கிணற்றுக்கு அந்தப் பக்கத்து வீட்டுக்குக் குடிவந்தவன். என்னைப் போலவே அவனும் விசாக்காரன்தான். எனக்குப் பிறகு வந்ததால் சலுகை இன்னும் கொஞ்சம் குறைவு. கல்முனையில் ஒரு பேக்கரியில் பாண் சுடும் போறணை அடுப்புக்கு முன்னால் நின்றவன். மா விலை ஏறிய காலத்தில் பாண் சிறுத்தது, பிறகு வேலை சிறுத்தது, பிறகு பேக்கரியே கதவைச் சாத்திக்கொண்டது. ஏஜென்சிக்காரன் ஒருவன் ஏர்பில் என்ற நகரத்தில் ஹோட்டல் பேக்கரியில் வேலை இருப்பதாகச் சொன்னான். விசாவும் வந்துவிட்டது. இங்கிலீசில் இருப்பதை எல்லாம் வாசிக்க வேண்டியவன் இந்த வளவில் நான்தான். கந்தோரில் உத்தியோகம், அலுமாரி நிறையப் புத்தகம், பத்திரிகையில் அவ்வப்போது சிரிப்புக் கட்டுரை; இந்தத் தகுதிகளுக்காக எனக்கு ஒரு கதிரை போடப்பட்டது.

"நல்லாத்தானே காக்கா எழுதியிரிக்கி?" என்றான் சகலன். மூத்தவன் என்ற முறையில் நான் அவனுக்குக் காக்கா.

"விசா எழுதுறவன் நல்லது கெட்டது எழுதமாட்டான் தம்பி. ஏலும், ஏலா, அவ்வளவுதான் எழுதுவான்."

முடியாது என்ற அந்த ஏலாதான் நிறைய இருந்தது. போய் இறங்கியதும் இரத்தம் எடுப்பார்கள். அதில் ஏதும் கண்டால் திருப்பி அனுப்புவார்கள். வேலை அனுமதியும் வதிவிட அட்டையும் முதலாளியின் பெயரோடு கட்டப்பட்டிருக்கும். அவரை விட்டால் இரண்டும் செத்துவிடும். அதற்கடுத்த வரி: இந்த விசா குர்திஸ்தான் பிரதேசத்துக்குள் மட்டுமே செல்லுபடியாகும், ஈராக்கின் ஏனைய பகுதிகளுக்குச் செல்லாது.

மாமி வெற்றிலையை மடித்தபடி கேட்டார். "ஈராக்குத்தானே மகன்?"

"ஈராக்குத்தான் மாமி. ஆனா அதுக்குள்ள ஒரு தனிப் பகுதி. தன்னாட்சி. அவங்களுக்கெண்டு வேற பாராளுமன்றம், வேற கொடி, வேற பட்டாளம், வேற விசா. அந்த விசாவோட மத்தப் பக்கம் போக ஏலா."

"அப்ப பக்கத்துல நாவிதன்வெளியில வயல் பாக்கப் போறதுக்கும் விசா எடுக்கச் சொல்லுவாங்க போல."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஊருக்குத் தனி நகர சபை வேண்டும் என்று கடையை அடைத்து ஊர்வலம் போன சனம் நாங்கள். அந்த ஊர்வலத்தில் பதாகையின் ஒரு முனையை, நிழல் இருந்த பக்கமாகப் பார்த்து, நானும் பிடித்திருக்கிறேன். ஒரு தேசத்துக்குள் இன்னொரு கோடு எப்படி விழுகிறது என்பது எங்களுக்குத்தான் முதலில் விளங்கியிருக்க வேண்டும்.

சிரிப்பு அடங்கியதும் மாமி இன்னொன்று கேட்டார். பாக்தாத் எங்கள் வாயில் பகுதாது.

"பகுதாது எந்தப் பக்கம்?"

"மத்தப் பக்கம்."

"தூரமா?"

"ஒரு பகல் ஓட்டம் வரும்."

மாமி தலையை மெல்ல ஆட்டினார். நான் சொன்ன இரண்டு பதிலில் இரண்டாவதை மட்டும்தான் அவர் எடுத்துக்கொண்டார் என்று அப்போதே தெரிந்தது.

அந்தத் தலையாட்டலுக்குக் காரணம் ஒரு பச்சைப் போர்வை. எங்கள் வீடுகளில் பகுதாதில் கபுறுக்குள் அடங்கியிருக்கும் இறைநேசப் பெரியாரின் பேரில் அவருடைய மாதத்தில் மௌலூதுப் புகழ்ப்பா ஓதுவார்கள், நெய்ச்சோறு ஆக்குவார்கள். தீராத காரியம் ஏதும் வந்தால் அவருக்கு நேர்வார்கள். "பகுதாதுக்குப் போய் அவங்கட கபுறுல போர்வை போர்த்துறன்" என்று நேர்வதில் ஒரு வசதி உண்டு. எவரும் போகப் போவதில்லை. எங்கள் ஆட்கள் சவூதிக்குப் போவார்கள், கட்டாருக்குப் போவார்கள். பகுதாதுக்குப் போனவனை நான் கண்டதில்லை. தூரத்தை உத்தேசித்துப் பெரியாரும் பொறுத்துக்கொள்வார். வருடாவருடம் மௌலூதோடு கணக்குத் தீர்ந்துவிடும்.

சகலனின் மனைவியான மச்சிக்குக் கனகாலம் பிள்ளை தங்கவில்லை. அப்போது மாமி நேர்ந்தார்: பிள்ளை பிறந்தால் பிள்ளையின் வாப்பாவே தன் கையால் பகுதாதில் போர்வை போர்த்துவார் என்று. பெண்பிள்ளை பிறந்தது. மருதமுனைத் தறியில் சொல்லி நெய்வித்த பச்சைப் போர்வை அலுமாரிக்குள் போனது. பிள்ளை பள்ளிக்கூடம் போகத் தொடங்கியும் போர்வை அங்கேயே இருந்தது. ஈராக்கில் ஒரு ஹோட்டல் போறணைக்கு ஆள் தேவைப்படும்வரைக்கும் அந்த நேர்ச்சை யாரையும் தொந்தரவு செய்யவில்லை.

சகலன் பயணப்பெட்டி கட்டும்போது பார்த்தேன். அடியில், உடுப்புகளுக்குக் கீழே, பச்சை நிறம் தெரிந்தது.

"தம்பி, இத இஞ்சயே வெச்சிட்டுப் போ."

"மாமி வெச்ச காக்கா. எடுத்து வெளிய போட நம்ம ரெண்டு பேருக்கும் ஏலுமா?"

ஏலாது. இருவரும் சேர்ந்து பெட்டியைப் பூட்டினோம்.

போய்ச் சேர்ந்த புதிதில் வீடியோவில் வருவான். படகு மாதிரி இரண்டு முனையும் கூரான பாணைத் தூக்கிக் காட்டுவான். இரத்தம் எடுத்து முடிந்தது. வதிவிட அட்டை வந்தது; முகத்துக்குப் பக்கத்தில் பிடித்துக் காட்டினான். அட்டையில் இருந்தவன் ஏற்கெனவே பிடிபட்டவனைப் போல் இருந்தான்.

"பாஸ்போட் எங்க?" என்று கேட்டேன்.

"முதலாளிட்ட. பத்திரமா இரிக்கட்டுமாம்."

நல்ல முதலாளி என்றான். பெருநாளைக்கு உடுப்பு எடுத்துக் கொடுத்தவராம். ஊருக்கு வருவதென்றால் அவர் ஒரு கடிதம் தர வேண்டும், அது மட்டும்தானாம். சொல்லும்போது அவனுக்குப் பின்னால் போறணை வாயைத் திறந்தபடி எரிந்துகொண்டிருந்தது.

மாரி தொடங்கியதும் பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தது. முதலில் சாதாரணம் என்றார்கள். பிறகு டெங்கு என்று கல்முனை ஆஸ்பத்திரியில் கட்டில் கொடுத்தார்கள். ஒவ்வொரு முறை இரத்தம் சோதித்தபோதும் பிளேட்லட் எண்ணிக்கை இறங்கிக்கொண்டே போனது. மச்சி நிலத்தில் குந்தியிருந்து அழுதாள். மாமி அழவில்லை. நுளம்பு வலைக்குள் கையை விட்டுப் பிள்ளையின் காலைப் பிடித்துக்கொண்டு, யாரிடமும் சொல்லாத மாதிரி, "நேர்ச்சைய ஞாபகப்படுத்துறாங்க" என்றார்.

பிள்ளை தப்பியது. அல்ஹம்துலில்லாஹ் சொல்லி வீட்டுக்குக் கொண்டுவந்தோம். அன்று மாமி சகலனை அழைக்கச் சொன்னார். போனைக் காதில் வைக்க அவருக்கு வராது. முகத்துக்கு நேரே கண்ணாடி பார்ப்பதைப் போலப் பிடித்துக்கொண்டு சொன்னார்.

"மகன், அவங்க ஒருக்காத்தான் ஞாபகப்படுத்துவாங்க."

அந்தப் பக்கம் சகலன், "ஓம் மாமி" என்றான். தலையாட்டும் அந்த ஓமை எனக்குத் தெரியும். அந்தக் குரலில் நானே எத்தனையோ ஓம் சொல்லியிருக்கிறேன்.

பிறகு அவன் என்னைத் தனியாக அழைத்தான். ஹோட்டலுக்குத் தக்காளி கொண்டுவரும் லொறிக்காரன் ஒரு வங்காளி, அவனுக்கு எல்லாச் சோதனைச் சாவடியிலும் ஆள் பழக்கமாம். வெள்ளிக்கிழமை லீவு. வெள்ளன வெளிக்கிட்டால் பகுதாது போய் மறுநாள் வேலைக்கு வந்துவிடலாமாம்.

"உன்ட அட்டை அந்தக் கோட்டுக்கு அங்கால வெறும் பிளாஸ்டிக் தம்பி. விளங்குதா? உன்ன நாட்டுக்குள்ள களவா வந்தவனெண்டு புடிப்பாங்க. முதலாளி ஓடிட்டானெண்டு எழுதிக் குடுப்பான்."

"நான் களவெடுக்கவா போறன்? கபுறு ஸியாரத்துக்கெலுவா போறன்."

"சாவடியில நிக்கிறவனுக்கு அது என்னெண்டு தெரியும்?"

"நீங்க எல்லாத்தையும் வாசிச்சி வாசிச்சிப் பயப்புடுற ஆள் காக்கா." பிறகு கேட்டான். "பிள்ளைக்குத் திரும்ப வந்தா, மறுகா ஆர்ர முகத்துல முழிக்கிற?"

நான் என் புத்தக அலுமாரியைப் பார்த்தேன்; பிறகு அதன் கதவைச் சாத்தினேன். பயத்தைப் பயத்தால்தான் வெல்லலாம். என்னுடையது ஆங்கிலத்தில் எழுதிய பயம், மாமியுடையது தாய்ப்பாலோடு வந்தது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து வந்து அவனுக்கு ஒரு செய்தி போட்டேன். ஒற்றை டிக் விழுந்தது. பின்னேரம் அஸர் தொழுகைக்கும் ஒற்றை டிக். மஃரிபுக்கும் அதே. மச்சி இரண்டு வீட்டுக்கும் நடுவே, கிணற்றடியில், வாளியைக் கையில் வைத்துக்கொண்டு தண்ணீர் அள்ளாமல் நின்றாள்.

"மச்சான், அவரக் கொண்டு போயிருப்பாங்களா?"

"சிக்னல் இல்லாத இடமா இரிக்கும்."

"நீங்க பொய் சொன்னா மூக்கத் தடவுவீங்கெண்டு ராத்தா சொல்லுவா."

என் மனைவி இதையும் தங்கைக்குச் சொல்லியிருக்கிறாள்; கையை மூக்கிலிருந்து எடுத்தேன். உள்ளே மாமி தஸ்பீஹ் மணி உருட்டும் சத்தம் கேட்டது. வழமையைவிட அது நிதானமாக இருந்தது. காரியம் ஒழுங்காக நடக்கிறது என்று நம்புகிறவர்களின் நிதானம். எனக்கு அதுதான் பொறுக்கவில்லை.

மறுநாள் பகல் வேறொரு நம்பரிலிருந்து அவன் குரல் வந்தது. நடந்தது இதுதான்.

குர்திஸ்தான்காரர்களின் சாவடியில் லொறியை நிறுத்தவே இல்லை; கையைக் காட்டிப் போகவிட்டார்கள். கொஞ்சத் தூரத்தில் ஈராக் அரசாங்கத்தின் சாவடி. அங்கே ஒரு பட்டாளத்தான் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். இறங்கச் சொன்னான். பையைத் திறந்தான். பச்சைப் போர்வை வெளியே வந்தது. பாஷை தெரியாமல் சகலன் பகுதாது என்ற ஊரையும் பெரியாரின் பெயரையும் மட்டும் சொல்லியிருக்கிறான். பட்டாளத்தானின் முகம் மாறியது. போர்வையை முத்தமிட்டுக் கண்ணில் ஒற்றினான். தனக்கு லீவு வருகிறது, தன் வீடும் பகுதாதில்தான், தானே கொண்டுபோய்ப் போர்த்துவேன் என்று கையால் காட்டினான். போர்வையை மடித்துத் தன் பைக்குள் வைத்தான். பிறகு அட்டையைத் திருப்பிக் கொடுத்து, வந்த வழியைக் காட்டினான்.

லொறி பகுதாதுக்குப் போனது. சகலன் இரண்டு சாவடிக்கும் நடுவிலிருந்த வெட்டைத் தெருவில் திரும்பி நடந்தான். குர்திஸ்தான் பக்கத்தில் அவனை உள்ளே விடவில்லை. நீ எங்கள் எல்லையை விட்டுப் போய்விட்டாய், உனக்குப் பொறுப்பானவன் வந்து கையெழுத்து வைக்கட்டும் என்றார்கள். போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள். தெருவோரத்துக் கொங்கிறீட் கட்டையில் குந்தியிருந்தானாம். எந்த நாட்டிலும் இல்லாத ஒரு துண்டு நிலத்தில், எந்த விசாவும் இல்லாமல்.

முதலாளி வந்தார்.

"ஏசினாரா?" என்று கேட்டேன்.

"ஒரு சொல்லு ஏசல்ல காக்கா. கையெழுத்து வெச்சாரு, கார்ல ஏத்தினாரு, வழியில தேத்தண்ணியும் வாங்கித் தந்தாரு." குரல் தணிந்தது. "அதுதான் பயமா இரிக்கி."

இப்போது அட்டையும் முதலாளியிடம். சாவடியில் வாங்கிவைத்த போனும் முதலாளியிடம். சகலன் போறணைக்குப் பின்னால் ஒரு அறையில் படுக்கிறான், வெள்ளிக்கிழமையும் வேலை. கேற்றில் நிற்பவனுக்கு அவன் முகத்தைக் காட்டிச் சொல்லியிருக்கிறார்களாம். ஊருக்குப் போகும் கடிதத்தைப் பற்றிக் கேட்டால் முதலாளி சிரித்த முகத்தோடு, பாப்போம் என்கிறாராம். வங்காளி தன் போனைக் கொடுக்கும் நாட்களில் மட்டும் அவன் கதைக்கிறான். இப்போதெல்லாம் பாணைக் காட்டுவதில்லை.

மாமி முதலில் மகிழ்ந்தார். போர்வை போய்ச் சேர்ந்துவிட்டது என்று நெய்ச்சோறு ஆக்கிப் பக்கத்து வீடுகளுக்கெல்லாம் அனுப்பினார். சோறு நிறைந்த பெரிய தட்டான சகனைத் தூக்கிக்கொண்டு போனவன் நான். சின்ன மருமகன் சுகமாக இருக்கிறாரா என்று ஒவ்வொரு வாசலிலும் கேட்டார்கள். இரண்டு கையிலும் சகன் இருந்ததால் மூக்கைத் தடவ முடியவில்லை.

போன கிழமை, கந்தோரிலிருந்து வந்து செருப்பைக் கழற்றும்போது கண்டேன். மாமி முன்வாசலில் இருந்து எதையோ தைத்துக்கொண்டிருந்தார். பச்சையாக இருந்தது.

"என்ன மாமி இது?"

"சின்ன மருமகன் பத்திரமா வந்து சேரணுமெண்டு நேர்ந்திரிக்கன். அந்தப் பட்டாளத்தான் போத்தினானோ, தன்ட ஊட்டுக் கட்டில்ல விரிச்சானோ, ஆரு கண்ட? இது நம்மட ஆள் கையாலதான் போடணும்."

"அவன் இஞ்ச வந்துட்டா, மறுகா ஆரு மாமி அங்க கொண்டு போற?"

மாமி நூலைப் பல்லால் கடித்து அறுத்தார். கிணற்றடியில் மச்சி வாளியை வைத்துவிட்டு எங்களைப் பார்த்தாள். வீட்டுக்குள் என் மனைவி பாத்திரம் கழுவும் சத்தம் நின்றது.

"உங்கட பாஸ்போட்டுக்கு இன்னம் காலம் இரிக்கா மகன்?"

"இரிக்கி மாமி. அலுமாரிக்குள்ள."

"அத எடுத்துத் தாங்க," என்றார், போர்வையை மடித்துக்கொண்டே. "என்னட்ட பத்திரமா இரிக்கட்டும்."

எடுத்துக் கொடுத்தேன்.