தங்கை வீட்டுக்குள் நுழைந்த குற்றம்

என் கையெழுத்து கோணல், எழுத்துப் பிழையும் இருக்கும். ஐந்தாம் வகுப்போடு நின்றவன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் ஊர் வழக்கப்படி தங்கையின் சீதன வீட்டை நான்தான் கட்டிக் கொடுத்தேன். அவளுக்குக் காய்ச்சல் என்று கேள்விப்பட்டு, கூப்பிடாமலே, சமைக்கிற குசினி வழியாக உள்ளே போனேன். உடன்பிறந்தாள் வீட்டுக்கு நாங்கள் அப்படித்தான் போவோம். என்னோடு ஏற்கனவே மனஸ்தாபத்தில் இருந்த அவள் கணவர், நான் அத்துமீறி நுழைந்ததாக நீதவான் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். அழைப்பாணை வந்தபின் பள்ளிவாசலுக்குப் போகவும் வெட்கமாக இருந்தது.

“ஒத்துக்கிட்டா சின்னத் தண்டத்தோட முடிஞ்சிரும், காக்கா,” என்றார் எனக்காக வாதாட வந்த சட்டத்தரணி, அண்ணன் முறை வைத்து.

“நான் கட்டின ஊட்டுக்க போன நான் கள்ளனா?” என்று கேட்டேன்.

சட்டத்தரணி அழைப்பாணையை எதிர்த்து மேல் நீதிமன்றத்தில் மனுப் போட்டார். நான் கெட்ட எண்ணத்தோடு போனதாக முறைப்பாட்டில் ஒரு வரிகூட இல்லை என்று சொல்லி, நீதிபதி அழைப்பாணையை ரத்துச் செய்தார்.

வெளியே தங்கை கணவரோடு நின்றாள்.

“இப்ப சந்தோஷமா காக்கா? என்ட மாப்பிள்ளைய ஊருக்கு முன்னால தலை குனிய வெச்சிட்டீங்க. இனி எங்கட ஊட்டுப் பக்கம் வராதீங்க.”

அதன்பின் அவளுக்குப் பிள்ளை பிறந்ததை மீன் சந்தையில் யாரோ சொல்லித்தான் அறிந்தேன்.

எழுதிய நாள்: ஷஃபான் மாதம், பிறை பதினொன்று.