ஸ்ட்ராத்ஃபீல்ட் வீட்டில் நிறுத்திவைத்த படம்

2009 மாசியில் மெல்பேர்னிலிருந்து சிட்னிக்குப் பகல் ரயிலில் போனேன். விமானத்தில் ஒன்றரை மணித்தியாலம், உனக்கென்ன விசரா என்று கேட்காத ஆளில்லை. விமானத்தில் கைத்தொலைபேசியை அணைக்கச் சொல்வார்கள். என் அக்கா இலங்கையில், வன்னிச் சண்டைக்குள் இருந்தாள். கடைசியாக மார்கழியில் பேசினாள். அழைப்பு வந்தால் நான் எடுக்க வேண்டும், அவ்வளவுதான்.

பயணக் காரணம் ஒரு கருத்தரங்கு. மெல்பேர்னில் எங்கள் வீடு இருக்கும் கிளேட்டனிலேயே, பல்கலைக்கழகத்தில் ஊடகம் பற்றி ஆராய்ச்சி செய்கிறேன். நான் ஆராய்கிற ஆள் ஒரு பிரெஞ்சுத் தத்துவவாதி. வயல் செய்த கமக்காரரின் பேரன், பள்ளிக்கூடத்தில் ஜெர்மன் படிப்பித்தவர், பின்னாளில் கமராவும் கையுமாகத் திரிந்தவர். எண்பதுகளில் ஒருமுறை சிட்னியிலும் பேசியிருக்கிறார். இரண்டு வருடத்துக்கு முன் காலமானார். திரையில் தெரியும் படம் உண்மையைக் காட்டுவதில்லை, உண்மையின் இடத்தில் தானே ஏறி உட்கார்ந்துவிடுகிறது என்பது அவருடைய வாதம். வளைகுடாப் போரை வைத்து இதையே எழுதி ஊர்ச்சண்டை வாங்கினார். படிக்கும்போது எனக்கு நன்றாகத்தான் இருந்தது.

சதர்ன் குரொஸ் நிலையத்தில் காலை எட்டரைக்கு ஏறினால் இரவு எட்டு மணிபோல சிட்னி சென்ட்ரல். வழியில் யாஸ் ஊரைத் தாண்டியதும் தொலைபேசியில் சிக்னல் போய்விட்டது. வெளியே செம்மறிகளும் காய்ந்த புல்லும். அந்த நேரம் பார்த்து அக்கா அழைத்திருந்தால் என்று தொலைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தேன். கோல்பர்னில் சிக்னல் திரும்பியது. ஒருவரும் அழைத்திருக்கவில்லை.

தங்கியது ஸ்ட்ராத்ஃபீல்டில், அம்மாவின் ஒன்றுவிட்ட தங்கையான அன்ரியின் வீட்டில். அந்த மாதங்களில் எங்கள் ஆட்கள் செய்தி பார்ப்பதில்லை, செய்திக்குள் ஆள் தேடுவார்கள். அங்கிள் தினமும் தமிழ்ச் செய்தியைப் பதிவுசெய்து, முகம் முகமாக நிறுத்திப் பார்ப்பார். நான் சாப்பிட உட்கார்ந்தபோது ட்ரக்டரிலிருந்து ஒரு பெண் இறங்கினாள். அங்கிளை நிறுத்தச் சொன்னேன். அதே நெற்றி, அதே இடதுகைப் பழக்கம். அக்கா! அன்ரி அழத் தொடங்கிவிட்டார்.

அங்கிள் மட்டும் எழும்பிப் போய்ப் பழைய வீடியோ கசெட் ஒன்றை எடுத்துவந்து போட்டார். அதே ட்ரக்டர், அதே பெண். போன வருடம் பதிந்தது. புதுப்படம் கிடைக்காத நாட்களில் பழையதைச் சேர்த்துவிடுவார்களாம். அது அக்காவாகவே இருந்தாலும் போன வருடத்து அக்கா. இன்றைக்கு அவள் இருக்கிறாளா என்று அந்தப் படத்துக்குத் தெரியாது. நான் சோற்றுத் தட்டைத் தள்ளிவைத்தேன்.

மறுநாள் கருத்தரங்கில் ஒரு வெள்ளைக்காரப் பெடியன், படமே உண்மையை விழுங்கிவிட்டால் உண்மையைத் தேடுவது வீண்வேலைதானே என்று சிரித்துக்கொண்டு கேட்டான். புத்தகத்தில் உள்ளதைச் சொல்லிச் சமாளித்தேன். வெளியே வரும்போது கிளேட்டனிலிருந்து அம்மா அழைத்தார்.

"தம்பி, அக்காவை டிவியில கண்டனான். ட்ரக்டரால இறங்கினவள். நீயும் பார்த்தனியோ?"

கசெட்டைப் பற்றிச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"ஓம் அம்மா, பார்த்தனான்."

"அப்ப சரி. ரெண்டு பேரின்ர கண்ணும் பிழை விடுமே?"

போகிறவர்களுக்கு: சாப்பாடு கட்டிக்கொண்டு போங்கள், ரயிலில் விற்பது வாயில் வைக்க ஏலாது. பெட்டிக்குள் குளிரும், ஒரு ஸ்வெட்டர் வேண்டும். ஸ்ட்ராத்ஃபீல்டுக்கு சென்ட்ரலில் இறங்கி உள்ளூர் ரயில் எடுக்கலாம், கால்மணித்தியாலம்கூட ஆகாது. அழைப்புக்குக் காத்திருப்பவர்கள் இந்த ரயிலை நம்பாதீர்கள்.

இதை எழுதும்வரை அக்கா அழைக்கவில்லை. அம்மா இப்போது டிவி போடுவதில்லை. பிள்ளைதான் தப்பிவிட்டாளே, இனி ஏன் பார்க்க வேணும் என்கிறார். நான் அறைக்கதவைச் சாத்தி, சத்தத்தைக் குறைத்துவிட்டு, ஒவ்வொரு முகமாக நிறுத்திப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.