ஞாயிற்றுக்கிழமை நோர்வேப் படங்கள்

என் கணவருக்கு நோர்வேக்காரர்களில் தனி மரியாதை. ஒரு நோர்வேக்காரனோடும் நேரில் பத்து நிமிடம் கதைத்திருக்க மாட்டார். படத்தில் பார்த்த நோர்வேக்காரர்களைத்தான் சொல்கிறேன். ஜெர்மன்காரன் நாட்டைப் பிடித்து வைத்திருந்த காலத்தில் பனியில் சறுக்கி மலை தாண்டியவர்கள், நிலப்பலகைக்குக் கீழே வானொலிப் பெட்டியை ஒளித்து வைத்தவர்கள், மீன்பிடி வள்ளத்தில் துவக்கு ஏற்றியவர்கள். இங்கே டென்மார்க்கில், பிராண்டே ஊரின் காற்றாலைத் தொழிற்சாலையில் கிழமை முழுக்க நின்று வேலை செய்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை ஆட்டிறைச்சிக் கறியோடு சோறு சாப்பிட்டு, திரைச்சீலையை இழுத்து மூடிவிட்டு உட்காருவார். இக்காஸ்ட் ஊரில் எங்கள் வரவேற்பறைக்குள் அந்த ஆக்கிரமிப்பு எத்தனை தரம் தொடங்கி முடிந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது.

"டென்மார்க்கும்தானே பிடிபட்டது. இவையின்ரை படங்களையும் பாருங்கோவன்" என்று ஒருமுறை சொன்னேன்.

"சும்மா இரும். இவங்கள் ஒரு காலமைக்குள்ளை கையைத் தூக்கினவங்கள். நோர்வேக்காரன் ரண்டு மாசம் நிண்டு அடிபட்டவன்."

இதை வெளியில் சொல்லும் துணிவு அவருக்கு இல்லை. மே நாலாம் திகதி பின்னேரம் பக்கத்து வீட்டு டேனிஷ் கிழவர், விடுதலை கிடைத்த நினைவுக்கு ஜன்னலில் மெழுகுதிரி வைப்பார். இவரும் நல்ல பிள்ளை மாதிரி எங்கள் ஜன்னலில் இரண்டு வைப்பார்.

ஊரில் இவர் இயக்கத்தில் இருந்தவரும் இல்லை. பெடியளுக்குச் சைக்கிளில் சாப்பாட்டுப் பார்சல் கொண்டுபோய்க் கொடுத்தவர், அவ்வளவுதான். ஆனால் படம் ஓடத் தொடங்கினால் தளபதிதான். "உதாலை போகாதை, துவக்கோடை சென்றி நிக்கிறான்" என்று தொலைக்காட்சிக்கு வழி சொல்லுவார். எனக்குச் சிரிப்பும் வரும், எரிச்சலும் வரும்.

நான் அந்தப் படங்களை ஒருநாளும் முழுதாகப் பார்த்ததில்லை. நாடு பிடிபட்ட படமென்றால் காட்டிக்கொடுக்கிறவன் ஒருவன் வந்தே தீருவான். அவனைச் சுட்டே தீருவார்கள். அந்த இடம் வரப்போவது எனக்கு முன்கூட்டியே தெரிந்துவிடும். எழும்பிக் குசினிக்குப் போய்க் கேத்திலைப் போடுவேன். தண்ணீர் கொதிக்கிற இரைச்சலில் வெடிச்சத்தம் அவ்வளவாகக் கேட்காது. நான் தேத்தண்ணியோடு திரும்பி வரும்போது ஆளைப் புதைத்திருப்பார்கள். இருபது வருடத்துக்கு மேலாக இப்படித்தான் சமாளித்தேன். நல்ல நேரம் பார்த்துத் தேத்தண்ணி போடுகிற மனுசி என்று இவருக்கு என்னில் பெருமை.

எங்கள் சுவரில், சாமிப் படங்களுக்குப் பக்கத்தில், பிளாஸ்டிக் மாலை போட்ட ஒரு படம் தொங்குகிறது. என் அண்ணை. ரியூட்டரியில் கணிதம் படிப்பித்தவர். சாகும்போது வயது இருபத்துநாலு. ஷெல் விழுந்து செத்தவர் என்றுதான் கலியாணம் பேசும்போது அம்மா இவருடைய வீட்டுக்குச் சொன்னா. நானும் அதையே சொல்லிக்கொண்டு இந்த நாட்டுக்கு வந்தேன். ஒவ்வொரு வருடமும் அண்ணையின் நினைவுநாளில் இவர் குளித்துவிட்டு வந்து அந்தப் படத்துக்கு விளக்குக் கொளுத்திக் கும்பிடுவார். பாவம் மனுசன், உண்மையாகவே கும்பிடுவார்.

அண்ணை ஷெல் விழுந்து சாகவில்லை. எங்கள் ஊர்ச் சந்தியில் லைற் கம்பத்தில் கட்டிவைத்து இயக்கப் பெடியள் சுட்டார்கள். எந்த இயக்கம் என்று எழுதமாட்டேன். கழுத்தில் ஒரு மட்டை தொங்கியது, துரோகி என்று எழுதி. செத்த வீட்டுக்கு ஒரு சனமும் வரவில்லை. எங்கள் ஊர்க்காரர் ஒருவர் இப்போது இங்கே பிரெடெரிசியா நகரில் இருக்கிறார். அவர் வருவார் என்று தெரிந்தால் எந்தக் கலியாண வீடாக இருந்தாலும் எனக்கு அன்று தலையிடி வந்துவிடும்.

இதெல்லாம் என்னோடு முடிந்துபோயிருக்கும். மகள் இங்கே உயர்தர வகுப்புப் பள்ளியான ஜிம்னாசியத்தில் கடைசி வருடம் படிக்கிறாள். நோர்வேயின் ஆக்கிரமிப்புக் காலப் படங்களைப் பற்றி வெள்ளிக்கிழமை வகுப்பில் பேச வேண்டும் என்று வந்து நின்றாள். வேறு தலைப்பா கிடைக்கவில்லை! தகப்பனுக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை. இரண்டு பேரும் ஒரு கிழமையாகப் படமும் கதையும்தான்.

அந்த ஞாயிறு சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது மகள் தனக்கு ஒரு யோசனை வந்திருக்கிறது என்று டேனிஷில் சொன்னாள். பேச்சின் முடிவில் மாமாவின் படத்தை எல்லோருக்கும் காட்டப் போகிறாளாம். எங்கள் குடும்பத்திலும் ஒருவரை ஆமி கொன்றது, இது பழைய காலத்துக் கதை மட்டும் இல்லை என்று சொல்லப் போகிறாளாம்.

"அருமையான விசயம் பிள்ளை" என்றார் இவர். கண் கலங்கிவிட்டது அவருக்கு.

"அதெல்லாம் வேண்டாம்" என்றேன்.

"ஏனம்மா?"

"வேண்டாமெண்டா வேண்டாம். செத்த ஆக்களை வைச்சுப் புள்ளி வாங்க வேண்டாம்."

மகளின் முகம் சுருங்கிவிட்டது. அப்படிச் சொன்னதற்கு எனக்கே என்னில் வெறுப்பாக இருந்தது. அதனால்தான் அன்று படம் பார்க்கத் தன்னோடு இருக்கச் சொல்லி அவள் கேட்டபோது மறுக்க முடியவில்லை. உடுப்பு மடிக்கிற கூடையை எடுத்துக்கொண்டு கதிரையில் இருந்தேன்.

படத்தில் ஒரு சின்னத் துறைமுகம். ஜெர்மன்காரர் ஆறு பேரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். கொஞ்ச நேரத்தில் ஒருவனை மட்டும் வெளியில் விட்டார்கள். பனிக்குள் நடந்து வந்தான். கண்ணாடி போட்ட மெல்லிய ஆள். கையில் ஒரு காயமும் இல்லை. நான் கேத்திலைப் போட எழும்பினேன்.

"அம்மா, இருங்கோ. இதுதான் முக்கியமான இடம்" என்று மகள் என் கையைப் பிடித்தாள்.

இவர் தொலைக்காட்சியைச் சுட்டிக்காட்டி, "பார் பிள்ளை, ஆளின்ரை கண்ணாடிகூட உடையேல்லை. கதைச்சிட்டான். சும்மா விடுவாங்களோ?" என்றார்.

மகள் குறிப்புப் புத்தகத்தில் அதை எழுதினாள். பேனை ஓடுகிற சத்தம் கேட்டது.

எனக்கு என்ன வந்ததோ தெரியாது. மடித்து வைத்திருந்த உடுப்பெல்லாம் நிலத்தில் கிடந்தது, நான் நின்றுகொண்டிருந்தேன். "உயிரோடை வந்ததுதான் குற்றமோ? செத்து வந்திருந்தா நல்லவனோ?" என்று கத்தினேன். இருபது வருடத்தில் இந்த வீட்டுக்குள் நான் இப்படிக் கத்தியதில்லை. மகள் படத்தை நிறுத்தினாள். கண்ணாடிக்காரனின் முகம் திரையில் அப்படியே நின்றது.

அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். ஆமி சுற்றிவளைத்து ஐந்து பெடியளைக் கொண்டுபோனது. மூன்றாம் நாள் அண்ணையை மட்டும் விட்டது. மற்ற நாலு பேரும் பிறகு வரவேயில்லை. அண்ணை வந்து ஆறாம் நாள் இயக்கம் விசாரிக்க வேண்டும் என்று கூட்டிக்கொண்டு போனது. விடியச் சந்தியில் இருந்தார். லைற் கம்பம், கயிறு, மட்டை, எல்லாம் சொன்னேன். ஷெல் விழவில்லை என்றும் சொன்னேன்.

மகள் குறிப்புப் புத்தகத்தை மூடினாள். பிறகு மெதுவாகத் தமிழில் கேட்டாள். "மாமா காட்டிக்குடுத்தவரோ அம்மா?"

"தெரியாது பிள்ளை."

அதுதான் உண்மை. இல்லை என்று ஓங்கிச் சொல்ல எனக்கு ஆசை. சொல்ல வாய் வரவில்லை.

இவர் எழும்பித் தொலைக்காட்சியை நிறுத்தினார். "எனக்கேன் இவ்வளவு காலமும் சொல்லேல்லை?"

"சொல்லியிருந்தா என்னைக் கட்டியிருப்பீங்களோ?"

அவர் நிலத்தில் கிடந்த உடுப்புகளைப் பொறுக்கி ஒவ்வொன்றாக மடிக்கத் தொடங்கினார். ஒன்றையும் ஒழுங்காக மடிக்கவில்லை. கோபிக்கக்கூட எனக்குச் சக்தி இல்லை.

வெள்ளிக்கிழமை முதியோர் இல்லத்தில் காலை வேலை முடித்து நான் வீட்டுக்கு வந்தபோது சுவரில் ஆணி மட்டும் இருந்தது. பிளாஸ்டிக் மாலை சோபாவில் கிடந்தது. கொண்டுபோக வேண்டாம் என்று நான் இரண்டாம் முறை சொல்லவில்லை, கொண்டுபோ என்றும் சொல்லவில்லை. சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் அவள் வரும்வரை கதிரையில் இருந்தேன்.

நாலு மணிக்குப் பிறகு வந்தாள். படத்தைச் சால்வை ஒன்றில் சுற்றிக் கொண்டுபோயிருக்கிறாள். அழுத முகம்.

"எல்லாம் சொன்னனான்" என்றாள். மிச்சத்தை டேனிஷில் கொட்டினாள். ஆமி கொல்லவில்லை, எங்களுடைய ஆட்கள்தான் சுட்டார்கள் என்று சொன்னாளாம். அம்மாவுக்கும் இன்றுவரை உண்மை தெரியாது, படங்களில் மட்டும்தான் சுடப்படுகிறவன் காட்டிக்கொடுத்தவன்தானா என்று எல்லோருக்கும் தெரிகிறது என்று சொன்னாளாம். ஆசிரியர் யாருக்காவது கேள்வி இருக்கிறதா என்று கேட்டாராம்.

"முதல் கை தூக்கினவன் என்ன கேட்டவன் தெரியுமோ அம்மா? அப்ப அவரை மட்டும் ஏன் விட்டவங்கள் எண்டு! விசரன்! ஒரு செத்த மனுசனைப் பற்றி இப்பிடிக் கேக்க அவனுக்கு எப்பிடி மனம் வந்தது?"

"அவனைப் பேசாதை பிள்ளை" என்றேன்.

"ஏன் பேசக்கூடாது?"

"நானும் அதைத்தான் கேட்டனான்."

அவள் என்னைப் பார்த்துக்கொண்டு நின்றாள். ஞாயிற்றுக்கிழமை நான் சொல்லாமல் விட்டது இது ஒன்றுதான். என் அம்மாவுக்கும் சொன்னதில்லை, அன்று அவ பக்கத்தில் நின்று கேட்டவ, சொல்லத் தேவையில்லை.

அண்ணை மத்தியானம் போல வந்தார். விட்டுவிட்டார்கள் என்று கேள்விப்பட்டு, மற்றப் பெடியளின் தாய்மார் நாலு பேரும் அவருக்கு முன்பே ஓடி வந்து எங்கள் வாசல் படலையடியில் நின்றார்கள். எனக்குப் பதினைந்து வயது. ஓடிப்போய் அவருடைய கையில் தொங்கினேன். மணிக்கூடுகூடக் கையில் அப்படியே இருந்தது. சந்தோசத்தில் எனக்குத் தலைகால் தெரியவில்லை. எல்லோருக்கும் கேட்கத்தக்கதாகச் சிரித்துக்கொண்டே கேட்டேன். "அண்ணை, உங்களை மட்டும் ஏன் விட்டவங்கள்?"

அண்ணை என்னைப் பார்த்தார். அந்த நாலு தாய்மாரும் அண்ணையைப் பார்த்தார்கள்.