என் சாம்பாருக்கு உப்புப் பார்த்த செல்வி

இதை எழுதலாமா என்று பல வருடங்கள் தயங்கினேன்.

ஒரகடத்தில் ஒரு தொழிற்சாலை கேன்டீனில் பாத்திரம் கழுவிய எனக்கும் செல்விக்கும் சமையல் பயிற்சி கொடுத்தார்கள். இருவரில் ஒருவருக்குத்தான் சமையல் வேலை. தேர்வு நாள் கிருத்திகை. வல்லக்கோட்டை முருகனுக்கு நான் விரதம். ருசி பார்க்காமல் சாம்பாரை இறக்கக் கூடாது என்பது பயிற்சியில் சொன்ன விதி. கரண்டியோடு கலங்கி நின்றேன்.

"இன்னாக்கா, முருகனாண்ட பர்மிஷன் கேட்டுகினு கீறியா?" என்று சிரித்தபடி வந்த செல்வி, என் சாம்பாரை ருசி பார்த்தாள்.

"உப்பு பத்தலக்கா, போடு."

போட்டேன். வேலை எனக்குக் கிடைத்தது. "நல்லாகீது" என்று ஒரு பொய் சொல்லியிருந்தால் அது அவளுக்குப் போயிருக்கும்.

முருகன் அருள் என்கிறார்கள் வீட்டில். நானும் அப்படித்தான் நம்புகிறேன். ஆனாலும் இதைப் பிறருக்குச் சொல்லும்போது, செல்வியை விட்டுவிடாமல், நடந்ததை நடந்தபடியே சொல்லுங்கள்.