நான் ஒதுக்கிய நட்சத்திரக் கூட்டங்கள்

என் கண்ணைப் பற்றி நானே பெருமையடித்துக்கொண்டால் யாரும் தப்பாக நினைக்க வேண்டாம். மலேசியாவில், மலாக்கா பக்கம் பத்து பெரண்டாம் என்ற ஊரில் ஒரு தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருடம் மைக்ரோஸ்கோப்பில் கண்ணை வைத்துச் சம்பாதித்த பெருமை அது. சிப் தகட்டை என் முன்னால் வைத்தால் போதும். எங்கே கறை, எங்கே ஈயம் தெறித்திருக்கிறது, எங்கே தூசி ஒட்டியிருக்கிறது என்று மூச்சு விடுவதற்குள் சொல்லிவிடுவேன். தனியாக ஒரு புள்ளி இருந்தால் இரண்டாவது தடவை பார்ப்போம். நாலைந்து புள்ளிகள் நெருக்கமாக, சுற்றிலும் மங்கலாக ஒரு வளையத்தோடு இருந்தால் யோசிக்கவே வேண்டாம், ரிஜெக்ட்.

ரிஜெக்ட் செய்தால் எழுதியாக வேண்டும். எந்தத் தட்டு, எந்த வரிசை, எந்தக் கட்டம், என்ன குறை. எழுதாமல் ஒரு சிப்பைத் தூக்கிப் போட்டவள் அன்றைக்கு சூப்பர்வைசரிடம் வாங்கிக் கட்டிக்கொள்வாள். நான் வாங்கிக் கட்டிக்கொண்டதே இல்லை.

பிறகு ஒரு கேமரா வந்தது. பத்துப் பெண்கள் ஒரு ஷிப்டில் பார்ப்பதை அது மதியச் சாப்பாட்டுக்குள் பார்த்து முடித்தது. எங்கள் எல்லோருக்கும் கேக் வெட்டி, படம் எடுத்து, வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஜாசினில் எங்கள் தாமான் குடியிருப்பு வீட்டில் உட்கார்ந்து துணியில் நூல் பிரிந்திருக்கிறதா, பசாரில் வாங்கிய மீனின் கண் கலங்கியிருக்கிறதா என்று பார்ப்பதுதான் அதற்கப்புறம் எனக்கு இருந்த வேலை. எண்ணெய் ஆலைக்குச் செம்பனைக் குலை ஏற்றும் லாரி ஓட்டும் என் வீட்டுக்காரர், "சாப்பாட்டுல இருக்கற கல்லக்கூட நீ ரிஜெக்ட் எழுதி வச்சிருக்கியா?" என்று கிண்டல் செய்வார். சிரிக்கிற மாதிரி முறைப்பேன்.

அப்படி இருந்தபோதுதான் மகள் அந்த வேலையைக் கொண்டு வந்தாள். எங்களுக்கு அவள் ஒரே பிள்ளை. வீட்டில் அவளை 'கேர்ள்' என்றுதான் கூப்பிடுவோம், இருபத்தைந்து வயதாகியும். கோலாலம்பூர் பக்கம் ஒரு பல்கலைக்கழகத்தில் நட்சத்திரங்களைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாள். விண்வெளித் தொலைநோக்கி ஒன்று எடுத்த, கேலக்ஸி என்று அவள் சொல்லும் ஒரு நட்சத்திர மண்டலத்தின் படத்தை ஆயிரக்கணக்கான துண்டுகளாக வெட்டி வைத்திருந்தாள். அவற்றில் எங்கெங்கே நட்சத்திரங்கள் கூட்டமாக இருக்கின்றன என்று மூன்று பேர் தனித்தனியாகப் பார்த்துக் குறிக்க வேண்டும். அவள் ஒருத்தி, அவளுடன் படிக்கும் தோழி ஒருத்தி. மூன்றாவது கண் வேண்டும்.

"மா, உங்கள மாதிரி பார்க்கறவங்க எங்க டிப்பார்ட்மென்ட்லயே யாரும் இல்லலா" என்றாள். அவ்வளவுதான், எனக்குத் தலைகால் புரியவில்லை.

மடிக்கணினியில் இரண்டு பொத்தான்கள். கூட்டம் என்றால் பச்சை. கேமராவில் விழுந்த பிழை, கறை, தெறிப்பு என்றால் சிவப்பு. மூவரில் நான் சிவப்பு அழுத்தினால் அந்த இடம் கணக்கிலிருந்து தானாக விலகிவிடும்படி அவள் அமைத்திருந்தாள். "குறை கண்டுபிடிக்கறதுல உங்க பேச்சுதான் கடைசி" என்றாள். மாதிரிக்கு ஏழெட்டுப் படங்களைக் காட்டிவிட்டு பஸ் ஏறிப் போய்விட்டாள். நானும் பழைய வழக்கப்படி ஒரு கோடு போட்ட நோட்டை எடுத்து, சிவப்பு அழுத்தியதையெல்லாம் துண்டு எண், வரிசை, கட்டம், காரணம் என்று எழுதி வைத்தேன். யாரும் எழுதச் சொல்லவில்லை. எழுதாமல் கை நிற்கவில்லை.

இரண்டு மாதம் கழித்து அவள் போனில் கத்தினாள். அந்த மண்டலத்தில் வயதான கூட்டங்கள் ஏராளமாக இருக்கின்றனவாம். புதிதாகப் பிறந்த கூட்டங்களை விரல் விட்டு எண்ணிவிடலாமாம். அங்கே நட்சத்திரம் பிறப்பதே திடீரென்று நின்றுபோயிருக்கிறது, யாரும் இதைச் சொன்னதில்லை என்றாள். ஒரு திங்கட்கிழமை காலை ஐந்து பேர் கொண்ட குழு முன்னால் அவள் அதைப் பேச வேண்டும். அதைக் கேட்டுவிட்டுத்தான் அவள் முனைவர் பட்டத்துக்குத் தொடரலாமா, இத்தோடு நிறுத்திக்கொண்டு வேறு வேலை பார்க்கலாமா என்று முடிவு செய்வார்கள். நான் கோயிலுக்குப் போய் நெய் விளக்கு போட்டுவிட்டு வந்தேன்.

அதற்கு முந்தைய சனிக்கிழமை அவள் வீட்டுக்கு வந்தாள். மதியம் சாப்பிட்டதும் எங்கள் இருவரையும் ஹாலில் உட்காரவைத்து, தொலைக்காட்சியில் படங்களைப் போட்டுப் பேசிப் பார்த்தாள்.

நட்சத்திரங்கள் தனித்தனியாகப் பிறப்பதில்லை என்று ஆரம்பித்தாள். ஒரே மேகத்திலிருந்து நூறு, ஆயிரம் என்று சேர்ந்துதான் பிறக்கும். ஒன்றையொன்று இழுத்துப் பிடித்துக்கொண்டு, ஒரே பக்கமாக, ஒரே வேகத்தில் போகும். ஆனால் அந்தப் பிடி ரொம்ப நாள் நிற்காது.

"கேலக்ஸி தட்டு மாதிரி ஒண்ணா சுத்தாதுப்பா. உள்ள இருக்கறது சீக்கிரம் ஒரு சுத்து முடிச்சிடும், வெளிய இருக்கறது பின்தங்கும். அதனால கூட்டத்த இழுத்து இழுத்து நீட்டிடும். ஓரத்துல இருக்கறது ஒண்ணொண்ணா கழண்டு போகும். நாம பார்க்கறோமே கார்த்திகை, அதுவும் ஒரு நாள் பிரிஞ்சிடும். நம்ம சூரியனும் ஒரு கூட்டத்துல பிறந்ததுதான். கூடப் பிறந்ததெல்லாம் எங்க இருக்குன்னு யாருக்கும் தெரியாது."

"ஐயோ பாவம்" என்றார் என் வீட்டுக்காரர், நிஜமாகவே.

"அதனால ஒரு கேலக்ஸியில புதுசு எத்தனை, பழசு எத்தனைன்னு எண்ணினா, கூட்டம் எவ்வளவு வேகமா பிறக்குது, எவ்வளவு வேகமா கலையுதுன்னு சொல்லிடலாம். இப்ப புதுசுன்னா எப்படி இருக்கும்னு காட்டறேன்." அடுத்த படத்தைப் போட்டாள். "இது நம்ம கேலக்ஸியிலயே, பிறந்து ரொம்ப நாள் ஆகாத ஒரு கூட்டம். பாருங்க, எவ்வளவு நெருக்கமா இருக்கு. சுத்தி ஒரு வெளிச்சம் தெரியுதுல்ல, அது மிச்சமிருக்கற மேகம். நான் பார்த்த கேலக்ஸியில இந்த மாதிரி ஏறக்குறைய எதுவுமே இல்ல. அதான் என் கண்டுபிடிப்பு!"

நெருக்கமாக நாலைந்து புள்ளிகள். சுற்றிலும் மங்கலாக ஒரு வளையம்.

இதை நான் பார்த்திருக்கிறேன். ஒன்றல்ல, பத்தல்ல. பார்த்த மாத்திரத்தில் ஈயத் தெறிப்பு, கறை என்று சிவப்பை அழுத்தி அழுத்தித் தள்ளியிருக்கிறேன். அந்த மண்டலத்தில் நட்சத்திரங்கள் பிறந்துகொண்டுதான் இருக்கின்றன. பிறந்ததையெல்லாம் குப்பை என்று எடுத்துப் போட்டவள் நான்.

"எப்படி மா இருக்கு?" என்றாள்.

"நல்லா இருக்கு" என்றேன். பாவி, அப்படித்தான் சொன்னேன்.

அன்றைக்குப் பொழுது எப்படிப் போனதென்று எனக்குத் தெரியாது. அறையில் கதவைச் சாத்திக்கொண்டு நோட்டைப் புரட்டினேன். பக்கம் பக்கமாக என் கையெழுத்து. கறை. தெறிப்பு. கறை. மேலும் கறை. சொல்லிவிடலாம் என்று எழுந்தால், அவள் வெள்ளைச் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டு வாய்க்குள் பேச்சை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த முகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தேன். சொன்னால் அவளுடைய கண்டுபிடிப்பு போய்விடும். ஒரே ஒரு நாளில் வேறென்ன பேசுவாள்? சொல்லாவிட்டால் ஐந்து பெரிய மனிதர்கள் முன்னால் என் தப்பைத் தன் சாதனை என்று நின்று சொல்லிக்கொண்டிருப்பாள். அவர்களுக்கு எங்கே தெரியப்போகிறது என்று ஒரு நிமிடம் நினைத்தேன். அப்படி நினைத்த என்னை எனக்கே பிடிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஜாசின் பசாருக்குப் போய் மீன் வாங்கினேன். கண் கலங்கிய மீன். மீன்காரரே, "என்னக்கா, இன்னிக்கு பார்க்காமலே எடுத்துட்டீங்க?" என்று கேட்டார். வீட்டுக்கு வந்து குழம்பில் உப்பை இரண்டு தடவை போட்டேன். வீட்டுக்காரர் ஒரு வாய் வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"என்ன ஆச்சு உனக்கு? நேத்திலேருந்து பேய் அறைஞ்ச மாதிரி இருக்கே."

மகளும் நிமிர்ந்து பார்த்தாள். அதற்கு மேல் என்னால் முடியவில்லை. எழுந்து போய் நோட்டைக் கொண்டு வந்து அவள் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

"நீ நேத்து காட்டினியே, புதுசு. அதையெல்லாம் நான் சிவப்பு அழுத்திட்டேன் கேர்ள். கறைன்னு நினைச்சேன். ஃபேக்டரியில அது கறைதான்."

அவள் சாப்பிட்ட கையோடு பக்கங்களைப் புரட்டினாள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். வீட்டுக்காரர் வாயைத் திறந்தார், நான் கையைக் காட்டி அடக்கினேன்.

"இதுல நிறைய இடத்துல நான் பச்சை போட்டிருந்தேன் மா" என்றாள் கடைசியில். "என் ஃப்ரெண்டும் போட்டிருந்தா. உங்க சிவப்பு வந்ததும், அம்மா கண்ணுக்குத் தப்பாது, நாமதான் தப்பா பார்த்துட்டோம்னு விட்டுட்டேன். ஒரு தடவைகூட திரும்பிப் பார்க்கல."

கேக் வெட்டி வீட்டுக்கு அனுப்பிய அன்றுகூட நான் அழவில்லை. அப்போது அழுதேன்.

"ஏன் மா நேத்தே சொல்லல?" என்று கத்தினாள். கத்திய பிறகு கை கழுவிவிட்டு வந்தாள். மடிக்கணினியைச் சாப்பாட்டு மேசையிலேயே திறந்தாள். "உட்காருங்க. நம்பர ஒண்ணொண்ணா படிங்க."

நான் படித்தேன். துண்டு எண், வரிசை, கட்டம். அவள் அந்த இடத்தைத் திறந்து பார்த்தாள். கூட்டம். கூட்டம். இது மட்டும் உண்மையான கறை. கூட்டம். அவளுடைய படத்தில், மண்டலத்தின் நடுவிலிருந்து சுருண்டு நீண்ட வெறுமையான கைகளின் மேல், ஒவ்வொன்றாகப் புள்ளிகள் வந்து உட்கார்ந்தன. சாயங்காலம் நாங்கள் முடித்தபோது மற்ற எந்த நட்சத்திர மண்டலத்தையும் போல, பழசும் புதுசும் கலந்து, அது சாதாரணமாக இருந்தது. அவள் அதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு நோட்டைப் பைக்குள் வைத்தாள். வீட்டுக்காரர் அவளை லாரியிலேயே மலாக்கா பஸ் நிலையத்தில் கொண்டுபோய் விட்டார். போகும்போது என்னிடம் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை.

திங்கட்கிழமை பத்து மணிக்குப் பேச்சு. பதினொன்றுக்கு முடிந்திருக்க வேண்டும். பன்னிரண்டு ஆனது. போனைக் கையிலிருந்து கீழே வைக்கவில்லை. சமையலும் செய்யவில்லை. சாப்பிட வந்த வீட்டுக்காரர் ரொட்டியைப் பிய்த்துத் தின்றார். இத்தோடு நிறுத்திக்கொள் என்று சொல்லியிருப்பார்கள், எங்கேயோ தனியாக உட்கார்ந்து அழுதுகொண்டிருக்கிறாள் என்றே முடிவு செய்துவிட்டேன். ஒரு மணிக்கு போன் அடித்தாள்.

"மா, முன்னால ஒரு வயசான புரொபசர் உட்கார்ந்திருந்தாரு. நான் போன வாரம் அனுப்பின பழைய சுருக்கத்தக் கையில வச்சிருந்தாரு. நான் வாயே திறக்கல, அதுக்குள்ள கேட்டாரு, 'இளங்கூட்டம் எல்லாம் எங்கம்மா போச்சு?'ன்னு."

அந்தக் கேள்வியை அவர் வீட்டிலிருந்தே தயார் செய்துகொண்டு வந்திருக்கிறார். நான் சொல்லாமல் இருந்திருந்தால்?

"நீ என்ன சொன்ன?"

"உங்க நோட்ட எடுத்துக் காட்டினேன். 'எல்லாம் எங்க அம்மாகிட்ட பத்திரமா இருக்கு சார்'னு சொன்னேன்."

போனை இன்னொரு காதுக்கு மாற்றிக்கொண்டேன்.

"சிரிச்சாங்க மா எல்லாரும். அப்புறம் அந்த நோட்ட அவரு அரை மணி நேரம் விடல. தொடரலாம்னு சொல்லிட்டாங்க. ஆனா மூணு மாசத்துல எல்லாத்தையும் முதல்லேருந்து பார்க்கணுமாம். மூணு பேரும். நீங்களும்தான். இந்தத் தடவ நீங்க போடற சிவப்ப நான் திரும்பிப் பார்ப்பேன்."

"பாரு" என்றேன். "நல்லா பாரு."

போனை வைத்ததும் வீட்டுக்காரர் பக்கத்தில் வந்து நின்றார். "பாஸா, ரிஜெக்ட்டா?"

தோளிலிருந்த துண்டால் அவரை ஓங்கி ஒரு அடி அடித்தேன். பிறகு மூக்குக்கண்ணாடியைக் கழற்றி, அதே துண்டால் இரண்டு பக்கமும் துடைத்தேன்.